தேவிகுளம், பீர்மேடு, கம்பம் பள்ளத்தாக்கு: நம்ம மலையில் விழுந்த கோடு



போன பகுதியில கொரியாவைப் பத்திப் பேசினோம். கேக்காதவங்களுக்காகச் சுருக்கமா சொல்லிடறேன். 1945 ஆகஸ்ட் மாதம், ஜப்பான் சரணடையப் போகிற நேரம். வாஷிங்டனில் இரண்டு அமெரிக்க ராணுவ அதிகாரிகள் ராத்திரியோடு ராத்திரியாக ஒரு வரைபடத்தைப் பார்த்து, 38-வது அட்சக்கோட்டில் கொரியாவை இரண்டாக்கலாம் என்று எழுதிக் கொடுத்தார்கள். வடக்கே சோவியத் படை, தெற்கே அமெரிக்கப் படை. தற்காலிக ஏற்பாடு என்றுதான் சொன்னார்கள். 1948-ல் அது இரண்டு நாடாகிவிட்டது. 1950-ல் போர். 1953 ஜூலை 27-ல் போர்நிறுத்தம். அன்றைக்கு அடைத்த கதவு அடைத்ததுதான். ஒரே மொழி, ஒரே சாப்பாடு, ஒரே குடும்பப் பெயர். ஆனால் அண்ணன் வடக்கே, தங்கை தெற்கே. பிரிந்த சொந்தங்களைப் பார்க்க வேண்டும் என்று தென் கொரியாவில் பதிவு செய்தவர்கள் மட்டும் 1,30,000 பேருக்கு மேல். அதில் பெரும்பாலானவர்கள் பார்க்காமலே செத்துப் போனார்கள். 2018-க்குப் பிறகு சந்திப்பே நடக்கவில்லை.

அந்தப் பகுதியை முடிச்சதில இருந்து மனசுல ஒரு விஷயம் ஓடிக்கிட்டே இருந்தது. ஒரே மொழி பேசுற சனங்க நடுவுல கோடு விழறதைப் பார்க்க நாம கொரியா வரைக்கும் போகணுமா? கம்பத்துல பஸ் ஏறி, கூடலூர் தாண்டி, லோயர் கேம்ப்ல இருந்து மலை ஏறினா, இருபது கிலோமீட்டர் சொச்சத்தில் குமுளி வந்துடும். தமிழ்நாட்டு பஸ் அந்தப் பக்கம் நிற்கும். இறங்கி நாலு எட்டு நடந்து கேட்டைத் தாண்டினால் கேரளா. டீக்கடையில் தமிழ், ஜீப் ஸ்டாண்டில் தமிழ், தோட்டத்துக்கு வேலைக்குப் போகிறவர்கள் வாயில் தமிழ். கோடு மட்டும் நடுவில்.

முதல்லயே ஒண்ணு சொல்லிடறேன். இது கொரியா இல்லை. இங்கே கண்ணிவெடி கிடையாது, முள்வேலி கிடையாது. இரண்டு பக்கமும் இந்தியாதான். துயரத்தைத் தராசில் வைத்து சமம் என்று காட்டுவது என் நோக்கம் இல்லை. ஆனால் கோடு போடுகிறவர்கள் எதைப் பார்த்துப் போடுகிறார்கள், யாரைக் கணக்கில் எடுக்கிறார்கள், யாரை விட்டுவிடுகிறார்கள் என்பதற்கு நம்ம ஊர் மலை ஒரு நல்ல பாடம்.

மலையும் பள்ளத்தாக்கும் ஒரே பிழைப்பு

இன்றைக்கு மூணாறு என்றால் கொச்சி வழியாகப் போகிற ஊர் என்று நினைக்கிறோம். நூறு வருடம் முன்னால் அப்படி இல்லை. 1877-ல் ஜான் டேனியல் மன்றோ என்ற வெள்ளைக்காரர் பூஞ்ஞாறு அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலைப் பகுதியைக் குத்தகைக்கு வாங்கினார். பிறகு அங்கே தேயிலை வந்தது. காட்டை வெட்டவும், செடி நடவும், கொழுந்து பறிக்கவும் ஆள் வேண்டும். ஆள் கிடைத்தது கிழக்கே, பஞ்சம் பிழைக்க வழி தேடிக்கொண்டிருந்த மதுரை, திருநெல்வேலி, ராமநாதபுரம் சீமைகளில். கங்காணிகள் ஊர் ஊராகப் போய் முன்பணம் கொடுத்து ஆட்களைக் கூட்டி வந்தார்கள். அதில் பெரும்பகுதி ஒடுக்கப்பட்ட சாதிகளைச் சேர்ந்தவர்கள். சொந்த நிலம் இல்லாதவர்கள்.

பறித்த தேயிலை எப்படி வெளியே போனது? மூணாறிலிருந்து குறும்பாதை ரயிலில் டாப் ஸ்டேஷன் வரைக்கும். அங்கிருந்து கம்பிவட ரோப்வேயில் தொங்கிக்கொண்டே கீழே குரங்கணி, கொட்டகுடி பக்கம். அங்கிருந்து போடி. 1924 வெள்ளத்தில் அந்த ரயில் அடித்துக்கொண்டு போனது. 1930-களில் ஆலுவா சாலை வந்த பிறகுதான் மூணாறுக்கு மேற்கே ஒழுங்கான வாசல் கிடைத்தது. அதுவரை அந்த மலைக்கு வாசல் போடிநாயக்கனூர்தான்.

தெற்கே இன்னொரு கதை. பெரியாறு மேற்கே ஓடிக் கடலில் கலக்கிற ஆறு. அதைத் தடுத்து, மலையைக் குடைந்து, கிழக்கே திருப்ப வேண்டும் என்று மெட்ராஸ் அரசு நினைத்தது. 1886 அக்டோபர் 29-ல் திருவிதாங்கூர் மகாராஜாவுக்கும் வெள்ளைக்கார அரசுக்கும் ஒப்பந்தம். 999 வருட குத்தகை, 8,000 ஏக்கர், ஏக்கருக்கு வருடம் 5 ரூபாய். பென்னிகுவிக் கட்டிய அணை 1895-ல் திறக்கப்பட்டது. கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோக நெல் விளைகிறது என்றால் அந்தத் தண்ணீர்தான். குமுளி மலை ஏறும்போது ராட்சதக் குழாய்கள் மலையில் இறங்குவதைப் பார்த்திருப்பீர்களே, அதுதான்.

ஆக, மலைக்கு வேலையாள் கீழே இருந்து. கீழே வயலுக்குத் தண்ணீர் மேலே இருந்து. நிர்வாகம் மட்டும் இரண்டு. மேலே திருவிதாங்கூர், கீழே மெட்ராஸ். அப்போது அது யாரையும் பெரிதாக உறுத்தவில்லை. சமஸ்தானம் என்பது மொழியைப் பார்த்து உண்டான அமைப்பு இல்லையே. மொழிவாரி மாநிலம் என்ற பேச்சு வந்த பிறகுதான் கேள்வி வந்தது: இந்த மலை யாருடையது?

"நிலையில்லாத ஆட்கள்"

திருவிதாங்கூரில் இருந்த தமிழர்கள் 1940-களின் நடுவிலேயே அமைப்பாகத் திரண்டார்கள். திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் என்று பெயர். அதன் முகமாக இருந்தவர் மார்ஷல் நேசமணி. தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, செங்கோட்டை, அதோடு தேவிகுளம், பீர்மேடு, இவையெல்லாம் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்பது கோரிக்கை.

1953-ஐக் கொஞ்சம் கவனிங்க. ஜூலையில் கொரியாவில் கோட்டைக் கெட்டியாக்கினார்கள். டிசம்பரில் இந்தியாவில் கோடுகளை மாற்றிப் போட ஒரு ஆணையம் அமைத்தார்கள். மாநில மறுசீரமைப்பு ஆணையம். பசல் அலி தலைவர், குன்ஸ்ரூவும் கே.எம். பணிக்கரும் உறுப்பினர்கள்.

1954-ல் போராட்டம் சூடு பிடித்தது. ஜூலையில் நேசமணி, அப்துல் ரசாக், சிதம்பரநாதன் மூவரும் தடையை மீறி மூணாறுக்குப் போய்க் கைதானார்கள். அந்தக் கைதுகளைக் கண்டித்துத் தெற்கே போராட்டம் பரவியது. ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது. பலர் செத்தார்கள். அப்போது திருவிதாங்கூர்-கொச்சியின் முதல்வர் பட்டம் தாணு பிள்ளை, பிரஜா சோஷலிஸ்ட் கட்சிக்காரர். தன் கட்சியின் ஆட்சியே மக்களைச் சுட்டதற்காக அந்த அரசு பதவி விலக வேண்டும் என்று லோகியா சொன்னார்.

1955 செப்டம்பர் 30. ஆணையத்தின் அறிக்கை வந்தது. தெற்கே நாலு தாலுகாவும் செங்கோட்டையும் தமிழ்நாட்டுக்கு. தேவிகுளமும் பீர்மேடும் கேரளாவுக்கு. தேவிகுளத்தில் தமிழ் பேசுவோர்தான் பெரும்பான்மை என்பது ஆணையத்துக்குத் தெரியாமல் இல்லை. கையில் மக்கள்தொகைக் கணக்கு இருந்தது. பிறகு எப்படி? இரண்டு காரணங்களை வைத்தார்கள். ஒன்று, ஏலம், தேயிலை, மின்சாரம் என்று அந்த மலையின் பொருளாதாரம் கேரளத்துக்குத் தேவை, நெருக்கடியாக வாழும் அதன் மக்களுக்குக் குடியேற இடமும் தேவை. இரண்டாவது, அங்கே இருக்கும் தமிழர்களில் பெரும்பகுதி தோட்டத் தொழிலாளர்கள், வந்து போகிறவர்கள், நிலையான குடிகள் இல்லை.

இந்த இரண்டாவது காரணத்தில் கொஞ்சம் நிற்கணும். லயத்தில் பிறந்து, லயத்தில் கல்யாணம் முடித்து, அதே தோட்டத்தில் கொழுந்து பறித்துக் கை தேய்ந்தவர்கள். அவர்களில் பலருக்கு அது இரண்டாவது, மூன்றாவது தலைமுறை. வீடு கம்பெனியுடையது. நிலம் கம்பெனியுடையது. பட்டா இல்லை. பட்டா இல்லாததால் "நிலையில்லாதவர்கள்". உழைப்புக்கு ஆள், கணக்குக்கு ஆள் இல்லை. என் பார்வையில் கோடு விழுந்த இடம் வரைபடத்தில் இல்லை. இந்த ஒரு வரியில்தான் விழுந்தது.

அதே நேரத்தில் இன்னொன்றும் நடந்தது. 1950-களின் நடுவில் பட்டம் தாணு பிள்ளை அரசு உயர்மலைக் குடியேற்றத் திட்டம் கொண்டுவந்தது. கல்லார், மறையூர், காந்தளூர் பக்கங்களில் குடும்பத்துக்கு ஐந்து ஏக்கர் வீதம் நிலம் கொடுத்துக் குடியேற்றினார்கள். கல்லாரில் இன்னைக்கும் பட்டம் காலனி என்றே பெயர் இருக்கிறது. மக்கள்தொகையை மாற்றத்தான் இது என்று தமிழர் தரப்பு சொன்னது. உணவுப் பஞ்சத்துக்கும் நில நெருக்கடிக்கும் வழி தேடினோம் என்று கேரளத் தரப்பு சொன்னது. இரண்டிலும் உண்மை உண்டு. மலை ஏறி வந்த அந்த மலையாளி விவசாயியும் ஏழைதான், மலேரியாவோடும் யானையோடும் போராடித்தான் பிழைத்தார். ஆனால் வித்தியாசத்தைப் பாருங்க. புதிதாக வந்தவருக்குக் கையில் நிலம் கிடைத்தது. தலைமுறையாக இருந்தவர் லயத்திலேயே இருந்தார்.

மா.பொ.சி.யின் தமிழரசுக் கழகம் போராடியது. மெட்ராஸில் அப்போது முதல்வர் காமராஜர். குளமாவது மேடாவது, எல்லாம் இந்தியாவுக்குள்ளேதானே இருக்கிறது என்று அவர் சொன்னதாக ஒரு பேச்சு இன்றைக்கும் தேனி மாவட்டத்து டீக்கடைகளில் ஓடும். சொன்ன சொல் அதேதானா என்பது வேறு விஷயம். எழுபது வருடமாக அந்தச் சொல் மறக்கப்படவில்லை என்பதே ஒரு செய்தி. 1956 நவம்பர் 1. கோடு நடைமுறைக்கு வந்தது.

கொள்கை கோட்டைத் தாண்டிய கதை

கொரியாவில் ஒரு பக்கம் கம்யூனிசம், மறு பக்கம் அதற்கு எதிர். நம்ம மலையிலும் சில மாதத்தில் அதே மாதிரி ஒரு நிலைமை வந்தது, தெரியுமா? 1957 ஏப்ரலில் கேரளத்தில் ஈ.எம்.எஸ். தலைமையில் கம்யூனிஸ்ட் ஆட்சி. கீழே மெட்ராஸில் காங்கிரஸ் ஆட்சி. குமுளி கேட்டுக்கு அந்தப் பக்கம் சிவப்பு, இந்தப் பக்கம் கதர்.

ஈ.எம்.எஸ். அரசுக்கு இருந்தது மெல்லிய பெரும்பான்மை. தேர்ந்தெடுக்கப்பட்ட 126 இடங்களில் கம்யூனிஸ்டுகள் 60, ஆதரவு சுயேச்சைகள் 5. இதில் தேவிகுளத்தில் ஜெயித்த ரோசம்மா புன்னூஸின் வெற்றி செல்லாது என்று தீர்ப்பு வந்து, 1958-ல் இடைத்தேர்தல். ஆட்சியின் மானமே அந்தத் தொகுதியில் இருந்தது. வாக்காளர்களில் பெரும்பாலோர் தமிழ்த் தோட்டத் தொழிலாளர்கள். வேட்பாளர் மலையாளி. அவர்களிடம் தமிழில் போய்ப் பேச ஆள் வேண்டுமே?

கீழே பண்ணைப்புரத்திலிருந்து ஒருவர் ஹார்மோனியத்தோடு மலை ஏறினார். பாவலர் வரதராஜன். தெம்மாங்கு மெட்டில் அரசியலைப் பாடத் தெரிந்த கம்யூனிஸ்ட். தோட்டம் தோட்டமாகப் பாடினார். அவருடைய தம்பி ராசய்யாவும் அந்தக் காலத்தில்தான் மேடையேறினார். பின்னாளில் இளையராஜா ஆனவர். ரோசம்மா ஜெயித்தார்.

இதை நான் ஏன் விரிவா சொல்றேன்னா, கொரியாவில் கொள்கைதான் மக்களைப் பிரித்தது. இங்கே கொள்கை, போட்ட கோட்டைத் தாண்டி மக்களைச் சேர்த்தது. தமிழ்நாட்டுக்காரர், கேரளத்துத் தேர்தலில், மலையாளி வேட்பாளருக்காக, தமிழில் பாடினார். தொழிலாளி என்ற அடையாளம் அன்றைக்கு மொழியை விடப் பெரிதாக நின்றது. அது நிலைத்ததா என்பது அடுத்த கேள்வி.

திறந்த நாளும் அடைத்த நாளும்

சாதாரண நாளில் இந்தக் கோட்டை யாரும் மதிப்பதில்லை. விடிகாலையில் கம்பத்திலும் கூடலூரிலும் போடியிலும் ஜீப்கள் கிளம்பும். ஒரு ஜீப்பில் எத்தனை பேர் ஏறுவார்கள் என்று எண்ணாமல் இருப்பது நல்லது. கம்பம் மெட்டு, போடி மெட்டு, குமுளி வழியாக ஏலத்தோட்டத்துக்குப் போய், களை எடுத்து, காய் பறித்து, பொழுது சாய வீடு திரும்புவார்கள். தோட்ட முதலாளிகளிலும் கம்பம், போடிக்காரர்கள் நிறைய உண்டு. ஏலக்காயின் ஏலம்கூட ஒரு நாள் இடுக்கி மாவட்டம் புற்றடியில் என்றால் இன்னொரு நாள் போடியில். பொண்ணு எடுப்பதும் கொடுப்பதும் கோட்டுக்கு இரண்டு பக்கமும். கூடலூருக்கு மேலே மங்கலதேவி கண்ணகி கோயில் எல்லையிலேயே இருக்கிறது. வருடத்தில் ஒரே நாள், சித்ரா பௌர்ணமிக்கு, இரண்டு மாநில நிர்வாகமும் சேர்ந்து வழி திறக்கும்.

ஆனால் சண்டை வந்தால் கோடு முழித்துக்கொள்ளும். 1979-ல் அணை பலவீனம் என்ற அச்சம் எழுந்து, நீர்மட்டம் 136 அடிக்கு இறக்கப்பட்டது. பிறகு பலப்படுத்தினார்கள், 142 அடிக்கு உயர்த்தலாம் என்று 2006-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது, கேரளம் சட்டம் போட்டுத் தடுத்தது. 2011 டிசம்பரில் வெடித்தது. குமுளி எல்லை அடைபட்டது. கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து பல்லாயிரக்கணக்கானவர்கள் குமுளியை நோக்கி நடந்தார்கள். 144 போட்டார்கள். மேலே தமிழ்த் தொழிலாளர்கள் தாக்கப்பட்டு, மூட்டை முடிச்சோடு காட்டுப் பாதையில் கீழே இறங்கினார்கள். கீழே மலையாளிகளின் கடைகளும் தோட்டங்களும் தாக்கப்பட்டன. ஐயப்பன் சீசன் வேறு, பக்தர்கள் வண்டிகள் வழி மாறிப் போயின. 2014 மே 7-ல் உச்ச நீதிமன்றம் மறுபடி 142 அடியை உறுதி செய்தது.

இதில் யாரும் பேசாத ஒரு முடிச்சு இருக்கிறது. அணை உடைந்தால் தண்ணீர் முதலில் போய்ச் சேரும் ஊர்களில் ஒன்று வண்டிப்பெரியாறு. அங்கே தோட்ட லயங்களில் இருப்பவர்களில் ஏராளமானோர் தமிழர்கள். அணைத் தண்ணீரில் நாற்று நடுகிறவரும் தமிழர், அணைக்குக் கீழே பயந்து படுக்கிறவரும் தமிழர். சில வீடுகளில் இரண்டு பேரும் ஒன்றுக்குள் ஒன்று. "தண்ணீர் நமக்கு, பயம் அவர்களுக்கு" என்று பிரித்துப் பேசுகிற பேச்சில் இந்தச் சனங்க எந்தப் பக்கம் உட்காருவாங்க?

2020-ல் கொரோனா ஊரடங்கில் கோடு மறுபடி அடைபட்டது. இந்த முறை கோபம் இல்லை, இ-பாஸ். ஆனால் தினம் ஜீப்பில் போய்த் தினக்கூலி வாங்குகிற வீட்டில், எந்தக் காரணத்துக்கு அடைத்தாலும் அடுப்பு அணைவது ஒன்றுதான்.

கேள்வி இன்னும் அதேதான்

2015 செப்டம்பரில் மூணாறில் பெண்கள் ரோட்டில் உட்கார்ந்தார்கள். போனஸ் 20 சதவீதம் வேண்டும் என்று. அப்போது நாள் கூலி 232 ரூபாய். தொழிற்சங்கத் தலைவர்களையே பக்கத்தில் வராதே என்று விரட்டினார்கள். இயக்கத்தின் பெயர் பெம்பிளை ஒருமை. போனஸ் கிடைத்தது, பிறகு கூலி 301 ஆனது. 1958-ல் பாட்டு எந்தத் தொழிலாளிகளைத் தேடி வந்ததோ, அவர்களின் பேத்திகள் இவர்கள். எந்தக் கட்சியும் எங்களை முழுசாக எண்ணவில்லை என்பதுதான் அந்தப் போராட்டம் சொன்னது.

2020 ஆகஸ்ட் 6 ராத்திரி பெட்டிமுடியில் நிலச்சரிவு. லயங்கள் மண்ணுக்குள் போயின. 70 பேர். பல குடும்பங்களுக்குப் பூர்வீகம் தூத்துக்குடி மாவட்டம் கயத்தாறு பக்கம். தலைமுறை தலைமுறையாக இருந்த மலையில் அவர்களுக்குச் சொந்தமாக ஒரு சென்ட் மண் இல்லை.

இன்னொரு சிக்கல். பட்டியல் சாதி உத்தரவு வந்த தேதி 1950 ஆகஸ்ட் 10. அதற்குப் பிறகு ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலம் போனவர்களுக்கு, போன இடத்தில் அந்தச் சலுகை கிடையாது. ஆகவே இடுக்கியில் பிறந்து வளர்ந்த ஒரு பிள்ளை சாதிச் சான்றிதழ் கேட்டால், உன் தாத்தா 1950-க்கு முன்னால் இங்கே இருந்தாரா, காகிதம் காட்டு என்கிறார்கள். லயத்துத் தாத்தாவிடம் ஏது காகிதம்? தமிழ்நாட்டுக்கு வந்தால், நீ கேரளத்துக்காரன் என்கிறார்கள். 1955-ல் ஆணையம் கேட்ட கேள்வியும் இதுதானே? நீ நிலையான குடியா, வந்து போகிறவனா?

எல்லையை மாற்றிப் போட்டால் சரியாகிவிடும் என்று நான் சொல்லவில்லை. இன்றைய இடுக்கியில் மலையாளிகளும் தமிழர்களும் ஆதிவாசிகளும் பின்னிப் பிணைந்து வாழ்கிறார்கள். புதிதாக ஒரு கோடு போட்டால் அது புதிதாக யாரையாவது வெட்டும். 2021-ல் தேவிகுளம் உறுப்பினர் கேரள சட்டமன்றத்தில் தமிழில் உறுதிமொழி எடுத்தார். கோட்டுக்கு அந்தப் பக்கமும் தமிழுக்கு ஒரு இடம் இருக்க முடியும் என்பதற்கு அது சாட்சி. கேட்க வேண்டியது வேறு. தோட்டத்தில் உழைத்த குடும்பத்துக்குச் சொந்தமாக வீட்டு மனை, பிள்ளைக்குச் சான்றிதழ், தண்ணீர்ச் சண்டை வரும்போது கூலிக்காரன் முதுகில் அடி விழாமல் ஒரு பாதுகாப்பு. இவற்றைத் திருவனந்தபுரமும் சென்னையும் உட்கார்ந்து பேசினால் தர முடியும். கொரியர்களுக்கு அப்படி உட்கார்ந்து பேச இடமே வாய்க்கவில்லை. நமக்கு இருக்கிறது. நமக்கும் அவர்களுக்கும் உள்ள பெரிய வித்தியாசம் அதுதான்.

அடுத்த முறை குமுளிக்குப் போகும்போது, கேட்டுக்கிட்ட இறங்கி நடக்கிற அந்த நாலு எட்டை மட்டும் கொஞ்சம் மெதுவா நடந்து பாருங்க. எதிரே ஜீப்பில் இருந்து இறங்கி, தூக்குவாளியோடு கீழே வருகிறவர்களைப் பாருங்க. அவங்க அந்தக் கோட்டைத் தினமும் இரண்டு தடவை தாண்டறாங்க.

உங்க வீட்டுப் பெரியவங்க மலைக்கு வேலைக்குப் போன கதை இருந்தா எழுதி அனுப்புங்க. அடுத்த பகுதியில் சந்திப்போம்.